லிண்டிஸ்ஃபார்ன் நற்செய்திச் சுவடியும் ஆல்ட்ரெடின் வரியிடை உரையும்

இடைக்கால ஐரோப்பாவில் கிறித்தவத் துறவியர் உருவாக்கிய வண்ண ஓவியச் சுவடிகளைப் பற்றி வெளிவந்துள்ள நூல்களுள் மிகுதியானவை கலை வரலாற்று அறிஞர்கள் எழுதியவை. வண்ணமும் பொன்னும் பின்னற்கோலமும் அவர்தம் கண்ணைக் கவர்வது இயல்பே. ஆயினும் அச்சுவடிகள் சிலவற்றில், இலத்தீன் மூலத்தின் வரிகளுக்கு இடையே, பிற்காலத்தார் ஒருவர் தம் தாய்மொழியில் பொடி எழுத்தில் எழுதிச் சேர்த்த சொற்பொருள்கள் காணப்படுகின்றன. ஓவியத்தை நோக்குவோர்க்கு இவை இடையூறு. மொழியியலார்க்கோ இவை பழைய வடிவங்களின் சுரங்கம். இவ்விரு சாராரின் பார்வைக்கும் எளிதில் தப்பிவிடும் செய்தி ஒன்று உண்டு. அச்சொற்களை எழுதியவர் ஒரு மொழிபெயர்ப்பாளர். தம் பணி இன்னது, அதற்குரிய இடம் இன்னது என்று எண்ணிப் பார்த்தவர்.

இங்கிலாந்தின் லிண்டிஸ்ஃபார்ன் நற்செய்திச் சுவடியை எடுத்துக்கொண்டு, அதன் உரைகாரராகிய ஆல்ட்ரெட் என்னும் குருவின் பணியை மொழிபெயர்ப்புப் பணியாக நோக்க இக்கட்டுரை முயல்கின்றது. இச்சுவடியைத் தேர்ந்தமைக்கு மற்றொரு காரணமும் உண்டு. மூலத்தை எழுதி ஓவியம் தீட்டிய துறவி தம் பெயரை எங்கும் குறிக்கவில்லை. அவர் பெயரை இன்று நாம் அறிவது, ஏறத்தாழ 250 ஆண்டுகளுக்குப் பின் வந்த மொழிபெயர்ப்பாளர் கூறிச் சென்றமையால்தான். அக்கூற்றை எவ்வளவு நம்பலாம் என்பது இன்றும் முடியாத வழக்கு.

சுவடியும் அதன் ஆக்கமும்

லிண்டிஸ்ஃபார்ன் இங்கிலாந்தின் வடகிழக்குக் கடலோரத்தில், நார்தம்பர்லாந்துப் பகுதியில் உள்ள ஒரு சிறு தீவு. கடல் வற்றும்போது நடந்தே சென்றுவிடலாம். ஏறும்போது நிலத்தொடர்பு அறும். அயோனாத் தீவின் அயர்லாந்து மரபுத் துறவியருள் ஒருவரான எய்டன், ஆஸ்வால்ட் மன்னரின் அழைப்பை ஏற்று 635இல் இங்கு மடத்தை நிறுவினார். இம்மடத்தின் ஆயராக இருந்த கத்பர்ட் 687இல் மறைந்தார். 698இல் கல்லறையைத் திறந்தபோது அவர் உடல் அழியாதிருந்ததாகத் துறவியர் கண்டனர். அன்று முதல் தீவு ஒரு புனிதத்தலம் ஆயிற்று. சுவடியின் ஆக்கத்தை இந்நிகழ்ச்சியோடு இணைத்து 698ஐ ஒட்டிய காலத்தது என்பது பழைய கருத்து. 2003இல் விரிவான ஆய்வு நூலை வெளியிட்ட மிஷெல் பிரவுன், 715க்கும் 720க்கும் இடைப்பட்டது என்பர்.

சுவடி இன்று இலண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் 'காட்டன் நீரோ டி. 4' என்னும் எண்ணோடு உள்ளது. 17ஆம் நூற்றாண்டில் இதனை வைத்திருந்த ராபர்ட் காட்டன் தம் நூலகத்தின் அலமாரிகளுக்கு அவற்றின் மேல் நின்ற உரோமானியப் பேரரசர் சிலைகளின் பெயரையே இட்டிருந்தார். துறவியர் படைப்பொன்று கிறித்தவரைத் துன்புறுத்திய நீரோவின் பெயரால் வழங்கி வருவதற்கு இதுவே காரணம்.

மத்தேயு, மாற்கு, லூக்கா, யோவான் ஆகிய நால்வரின் நற்செய்தி நூல்களும் ஜெரோமின் இலத்தீன் மொழிபெயர்ப்பில் இதில் எழுதப்பட்டுள்ளன. ஆகவே இங்கு மூலம் என நாம் குறிப்பதும் மொழிபெயர்ப்பே. ஆல்ட்ரெட் செய்தது மொழிபெயர்ப்பின் மொழிபெயர்ப்பு. ஏடுகள் கன்றுத்தோலால் ஆனவை. நூற்றுக்கும் மேற்பட்ட கன்றுகளின் தோல் தேவைப்பட்டிருக்கும். ஆநிரை வளமுள்ள மடமன்றி இதனை மேற்கொண்டிருக்க இயலாது. பக்கத்துக்கு இரண்டு பத்திகள், பத்திக்கு 24 வரிகள் என்பது ஒழுங்கு. தொடர்கள் பொருள் நிறுத்தத்துக்கு ஏற்ப வரி வரியாகப் பிரித்து எழுதப்பட்டுள்ளன. உரக்க வாசிப்போர் மூச்சு விடும் இடம் கண்ணுக்குத் தெரியும்.

இவ்விடத்தில் எழுத்து முறை பற்றி ஒன்று கூறுதல் வேண்டும். உரோமானிய மரபில் இலத்தீன், சொற்களுக்கிடையே இடைவெளி இன்றித் தொடர்ந்து எழுதப்பட்டது. இலத்தீனைப் பேச்சுமொழியாக அறியாது ஏட்டில் கற்ற அயர்லாந்துத் துறவியரே ஏழாம் நூற்றாண்டு வாக்கில் சொற்களைப் பிரித்தெழுதும் வழக்கை உருவாக்கினர். அயல்மொழியைக் கற்போனின் இடர்ப்பாடு ஓர் எழுத்துச் சீர்திருத்தமாக மலர்ந்தது. புள்ளியும் சொல்லிடைவெளியும் இல்லாத நம் ஓலைச்சுவடிகளைப் பதிப்பித்தோர்க்கு இச்சீர்திருத்தத்தின் பயன் சொல்லாமலே விளங்கும். சொல் தனித்து நின்றமையால்தான் அதன் தலைக்கு மேல் பொருளைத் தனித்து எழுதவும் பின்னர் இடம் ஏற்பட்டது.

மூலம் முழுவதையும் ஒருவரே எழுதினார் என்பது எழுத்தியல் அறிஞரின் துணிபு. ஓவியங்களும் அவருடையவையே என்பது பெரும்பான்மையோர் கருத்து. நற்செய்தியாளர் உருவங்கள் நான்கு. இடைவிடாப் பின்னலால் நிறைந்து விரிப்பைப் போலத் தோன்றும் பக்கங்கள் ஐந்து. நால்வர் நூல்களிலும் ஒத்துவரும் பகுதிகளைக் காட்டும் அட்டவணைகள் தூண்களும் வளைவுகளுமாக 16 பக்கங்கள். கோலங்களின் பின்புறத்தில் கவராயத்தின் துளைகளும் ஈய முனையால் இழுத்தவை போன்ற கோடுகளும் தெரிகின்றன. ஏட்டின் பின்புறத்தில் வரைந்து, ஒளியில் பிடித்து, முன்புறத்தில் வண்ணம் தீட்டியிருக்கலாம் என்று பிரவுன் கருதுகின்றார். சுவடியின் நீலம் இமயத்துக்கு அப்பாலிருந்து வந்த நீலக்கல் பொடி என்று நெடுங்காலம் எழுதி வந்தனர். 2004இல் வெளியான இராமன் நிறமாலை ஆய்வு அதனை மறுத்து, நீலம் செடியிலிருந்து பெற்ற அவுரி வகைச் சாயமே என்று நிறுவியது. இந்திய அறிவியலார் பெயரால் வழங்கும் முறை ஒன்று, இமயத்துக்கு அப்பாலிருந்து வந்ததாகச் சொன்ன கதையை முடித்து வைத்ததும் ஒரு பொருத்தமே.

லூக்கா நற்செய்தியின் தொடக்கப் பக்கத்தில் எழுத்துகளைச் சூழ இட்ட சிவப்புப் புள்ளிகள் மட்டும் பத்தாயிரத்துக்கு மேற்பட்டவை என எண்ணிக் கண்டுள்ளனர். உருவப் பக்கங்களில் பெயர்கள் எழுதப்பட்ட முறையும் மொழியியலார் நோக்கத்தக்கது. 'தூய' என்னும் பொருளுடைய கிரேக்க அடைமொழி தன் சுட்டுச்சொல்லோடு சேர்த்து இலத்தீன் எழுத்தில் எழுதப்பட்டுள்ளது. அதன்பின் வரும் மத்தேயுவின் பெயரோ இலத்தீன் ஈற்றோடு நிற்கின்றது. கிரேக்கம் அறியாத துறவிக்கும் கிரேக்கத்தின் மதிப்புத் தெரிந்திருந்தது.

793இல் வட கடலோடிகள் தீவைச் சூறையாடினர். 875இல் துறவியர் கத்பர்ட்டின் உடலைச் சுமந்துகொண்டு தீவை நீங்கினர். ஏழாண்டு அலைச்சலில் சுவடி ஒருகால் கடலில் வீழ்ந்து பின்னர்ச் சேதமின்றிக் கிடைத்தது என்னும் கதையைப் பன்னிரண்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் டர்ஹம் துறவி சிமியோன் எழுதி வைத்தார். 883 முதல் 995 வரை அத்துறவியர் குழு தங்கிய இடம் செஸ்டர்-லெ-ஸ்ட்ரீட். அங்குதான், பத்தாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், ஆல்ட்ரெட் இச்சுவடியைக் கையில் எடுத்தார்.

வரிகளுக்கு இடையே

சுவடிகளின் வரியிடைச் சொற்களை நம்பி ஒரு மொழியின் இலக்கணத்தையே கட்ட முடியும் என்பதற்கு அயர்லாந்து மொழி சான்று. 1853இல் ஜொகான் காஸ்பர் சொய்ஸ் வெளியிட்ட கெல்டிய இலக்கணம், வூர்ட்ஸ்பர்க், மிலான், சங்க்ட் காலன் ஆகிய ஊர்களின் இலத்தீன் சுவடிகளில் அயர்லாந்துத் துறவியர் எழுதிய குறிப்புகளைக் கொண்டே பெரிதும் உருவானது. நார்தம்பிரிய வட்டாரப் பழைய ஆங்கிலத்துக்கு அத்தகைய இடம் வகிப்பது ஆல்ட்ரெடின் உரை. நான்கு நூல்களின் ஏறத்தாழ எல்லாச் சொற்களுக்கும் மேலாக ஆங்கிலச் சொல் எழுதப்பட்டுள்ளமையால், அவ்வட்டார வழக்கின் மிகப் பெரிய எழுத்துச் சான்று இதுவே ஆயிற்று. நற்செய்தி நூல்கள் நான்கும் ஆங்கில வடிவில் இன்று கிடைப்பவற்றுள் காலத்தால் முந்தியதும் இதுவே. பீட் என்னும் பேரறிஞர் 735இல் தம் இறுதி நாள்களில் யோவான் நற்செய்தியை ஆங்கிலமாக்கிக்கொண்டிருந்தார் என்று அவர் மாணவர் எழுதிய கடிதம் கூறும். அம்மொழிபெயர்ப்பு மறைந்து போயிற்று. ஆல்ட்ரெடின் ஓரக்குறிப்பு ஒன்று, யோவான் நற்செய்திப் பகுதியில், புகழ்மிக்க நூலறிஞர் எனப் பீடின் பெயரைச் சுட்டுகின்றது என்பது ஈண்டு நினைக்கத்தக்கது.

இதனை மொழிபெயர்ப்பு எனலாமா என்னும் வினா எழும். சொல் வரிசை முற்றிலும் இலத்தீன் வரிசை. ஆங்கிலச் சொற்களை மட்டும் தனியே எடுத்து வாசித்தால் பல இடங்களில் தொடர் அமையாது. நம் மரபில் இதற்கு நெருங்கியது பதவுரை. செய்யுளைக் கொண்டுகூட்டிப் பின்னர்ப் பதம் பிரித்துப் பொருள் கூறுவது நம் உரையாசிரியர் வழக்கு. ஆல்ட்ரெடோ கொண்டுகூட்டாமலே பொருள் கூறினார். வாசிப்போன் இலத்தீனையும் ஆங்கிலத்தையும் ஒருசேரக் காண வேண்டும் என்பதே அவர் கருத்து. மூலத்தை நீக்கிவிட்டு நிற்கும் மொழிபெயர்ப்பை அவர் எண்ணவே இல்லை. ஆகவே தொடர் அமையவில்லை என்று குறை கூறுவது, அவர் ஏற்காத பொறுப்பை அவர்மேல் ஏற்றுவதாகும். அவர் தேர்ச்சியைச் சொல் தேர்வில்தான் காணவேண்டும்.

அதற்குச் சிறந்த இடம் மத்தேயு நற்செய்தியின் முதல் அதிகாரம், 18ஆம் வசனம். கிறித்துவின் தலைமுறைப் பட்டியல் முடிந்து பிறப்பு வரலாறு தொடங்கும் இடம் இது. கிறித்து என்னும் பெயரின் கிரேக்கச் சுருக்கெழுத்துகள் பக்கத்தின் பெரும்பகுதியை அடைத்து நிற்கும் வண்ணம் தீட்டப்பட்டுள்ளன. பறவைக் கழுத்துகளும் சுழிகளும் அவ்வெழுத்துகளின் வயிற்றை நிரப்புகின்றன. சுவடியின் தலைசிறந்த பக்கங்களுள் ஒன்றாக இதனைக் கலை அறிஞர் போற்றுவர். மரியா யோசேப்புக்கு எவ்வுறவில் இருந்தார் என்பதைக் கூறும் 'தெஸ்பொன்சாத்தா' என்னும் இலத்தீன் சொல்லும் இப்பக்கத்திலேயே வருகின்றது. 'மணம் பேசப்பட்ட' என்பது அதன் நேர்ப்பொருள்.

இந்த ஒரு சொல்லுக்கு மேல் ஆல்ட்ரெட் நான்கு ஆங்கிலச் சொற்களை எழுதினார்: பிவோயெடெட், பெபோடென், பெஃபெஸ்ட்நட், பெடாஹ்ட். முதலாவது பிணை அல்லது உறுதிமொழியால் கட்டப்பட்டவள் என்னும் பொருளது. இன்றைய ஆங்கிலத்தின் மணச்சொல்லுக்கு உறவு. இரண்டாவது ஆணையால் ஒப்புவிக்கப்பட்டவள். மூன்றாவது உறுதியாகப் பிணைக்கப்பட்டவள். நான்காவது கையில் ஒப்படைக்கப்பட்டவள். நான்குக்கும் இடையே 'அல்லது' எனப் பொருள்படும் இலத்தீன் இடைச்சொல்லின் சுருக்கக்குறி நிற்கின்றது. இத்தோடும் அவர் நிறுத்தவில்லை. எருசலேமில் தலைமைக் குருவாயிருந்த அபியத்தார், மரியாவைக் காத்துத் தூய்மையோடு பேணுமாறு யோசேப்பிடம் ஒப்படைத்தார் என்னும் கருத்துடைய ஆங்கிலக் குறிப்பை ஓரத்திலும் எழுதிச் சேர்த்தார்.

சொல் தெரியாமையால் ஒருவர் நான்கு சொற்களை எழுதுவதில்லை. முதற்சொல் இலத்தீனுக்கு நேரானது. ஆனால் அதனை மட்டும் எழுதினால் ஆங்கிலம் பேசும் குரு அதனை மணம் என்றே கொள்வார். கொண்டால் கன்னிமை பற்றிய சமயக் கோட்பாட்டுக்கு இழுக்கு நேரும். எனவே அடுத்தடுத்த சொற்கள் பொருளை மணத்திலிருந்து காப்பு நோக்கி நகர்த்துகின்றன; ஓரக்குறிப்பு அந்நகர்வுக்குக் காரணம் கூறுகின்றது. நேர்மை குறித்து முதற்சொல்லை அவர் அழிக்கவில்லை என்பதையும் கருத வேண்டும். மொழிபெயர்ப்பாளர் பலரும் மனத்துக்குள் நிகழ்த்தி மறைத்துவிடும் தேர்வு இங்கே ஏட்டில் அப்படியே கிடக்கின்றது.

இதே சொல்லைத் தமிழாக்கியோரும் இதே இடத்தில் தயங்கியுள்ளனர். தமிழ்நாட்டுச் சீர்திருத்தச் சபையார் வழங்கும் பழைய வேதாகமம் 'நியமிக்கப்பட்ட' என்னும் பொதுச்சொல்லால் நழுவிச் செல்கின்றது. 1995இல் வெளிவந்த திருவிவிலியம் 'திருமண ஒப்பந்தம்' என வெளிப்படையாகக் கூறுகின்றது. ஆல்ட்ரெடின் நான்கு சொற்களுள் இரண்டாவதற்கு முன்னதும், முதலாவதற்குப் பின்னதும் இணை எனலாம். அச்சு நூலுக்கு ஒரு சொல்தான் வேண்டும். வரியிடை உரைக்கு அக்கட்டுப்பாடு இல்லை.

யூத சமூகச் சொற்களை அவர் கையாண்ட முறையும் சுவையானது. பரிசேயரைச் சட்ட ஆசான்கள் என்னும் பொருளில் 'ஏலார்வாஸ்' என்றார். மறைநூல் வல்லாரை 'ஊத்விதா' என்றார். இது மெய்யறிவாளர் என்பது போன்ற சொல். தொழுகைக்கூடத்தைக் குறிக்கும் கிரேக்கக் கடன்சொல்லைக் 'கூட்டம்' என்னும் பொருளுடைய தாய்மொழிச் சொல்லால் பெயர்த்தார். இயேசு என்னும் பெயரைக்கூட ஒலிபெயர்க்காமல் 'ஹேலென்ட்', அதாவது நலந்தருவோர், மீட்பர் எனப் பொருள் கொண்டே எழுதினார். இது அவர் மட்டும் செய்ததன்று. பழைய ஆங்கில மரபே அது. ஆனால் வரிதண்டுவோரைக் குறிக்கும் சொல்லில் மட்டும் பொருளை விட்டு மதிப்பீட்டுக்குத் தாவிவிட்டார். 'பேர்சின்னிக்' என்பது அவர் இட்ட சொல். வெளிப்படையான பாவி என்பது அதன் பொருள். தமிழில் ஆயக்காரர் என்று சுங்கத்தொழிலின் பெயரை இட்டவர்கள் அவரினும் நடுநிலையாளர்.

ஒலி, வடிவு, தொடர் ஆகிய மூன்றிலும் இவ்வுரை வழங்கும் சான்றுகள் மிகப் பல. இலக்கண நூல்களில் அவை காணக் கிடைப்பதால் ஈண்டு இரண்டு மட்டும் குறிப்போம். தெற்கு வழக்கில் 'ஹப்பன்' என நகர ஒற்றில் முடியும் வினையெச்சம் இங்கு 'ஹப்பா' என ஈறு கெட்டு நிற்கின்றது. நிகழ்கால வினையில் தெற்கத்திய 'த்' ஈற்றோடு 'ஸ்' ஈறும் மாறி மாறி வருகின்றது: 'கிமெத்' என்றும் 'கிமெஸ்' என்றும் ஒரே கை எழுதும். இன்றைய ஆங்கிலப் படர்க்கை ஒருமை வினையின் சகர ஈறு வடக்கிலிருந்து பரவியது என்பதால் இம்மாற்றம் பெரிதும் ஆராயப்பட்டுள்ளது. எழுவாய் பெயர்ச்சொல்லா, அடுத்து நிற்கும் மாற்றுப்பெயரா என்பதைப் பொறுத்து ஈறு தேர்வாகின்றது என 2014இல் மார்செல் கோல் காட்டினார். ஸ்கீட் 1871 முதல் 1887 வரை நான்கு நற்செய்திகளையும் வட்டார வடிவங்களை அருகருகே வைத்துப் பதிப்பித்தமையே இவ்வாய்வுகளுக்கெல்லாம் அடிப்படை.

ஒரு பகுதியில் மிகுந்து மறு பகுதியில் அருகும் வடிவங்களைக் கொண்டு, ஆல்ட்ரெட் முன்னோர் உரைகள் சிலவற்றைப் பார்த்தெழுதியிருக்கலாம் என்போர் உளர். இது ஏற்கத்தக்கதே. உரைமரபில் முற்றிலும் புதிதாக எழுதுவோர் யாண்டும் அரியர். ஆயின் வட்டார வழக்கின் தூய சான்றாக ஒவ்வொரு வடிவத்தையும் கொள்வோர் இதனை மறத்தலாகாது. பகலையும் மனிதனையும் குறிக்கும் சொற்களுக்குச் சிற்சில இடங்களில் முழுச்சொல்லையும் எழுதாமல் பழைய ரூனிக் எழுத்தொன்றை மட்டும் அவர் இட்டுச் செல்கின்றார். அவ்வெழுத்துகளின் பெயரே அச்சொற்களாதலின் ஓர் எழுத்துச் சொல்லாயிற்று. கிறித்தவத்துக்கு முந்திய எழுத்து, நற்செய்தி நூலின் வரியிடையில், இடச்சுருக்கத்துக்காக.

நூலிறுதிக் குறிப்பு

யோவான் நற்செய்தி முடியும் பக்கத்தில், 259ஆம் ஏட்டில், எஞ்சிய சிறு இடத்தில் ஆல்ட்ரெட் ஒரு நீண்ட குறிப்பை எழுதியுள்ளார். பெரும்பாலும் ஆங்கிலம், இடையிடையே இலத்தீன். லிண்டிஸ்ஃபார்ன் ஆயர் எட்ஃபிரித் முதற்கண் இந்நூலைக் கடவுளுக்கும் தூய கத்பர்ட்டுக்கும் தீவிலுள்ள புனிதர் அனைவர்க்குமாக எழுதினார்; ஆயர் எதெல்வால்ட் அதனைக் கட்டி மூடினார்; தனித்துறவி பில்ஃபிரித் மேலுறைக்குரிய அணிவேலையைப் பொன்னாலும் மணிகளாலும் பொன் முலாமிட்ட வெள்ளியாலும் செய்தார்; தகுதியற்றவரும் இரங்கத்தக்கவருமாகிய குரு ஆல்ட்ரெட் அதனை ஆங்கிலத்தில் வரிமேல் உரைப்படுத்தினார் என்பது அதன் சாரம். எட்ஃபிரித் 698 முதல் 721 வரை ஆயராயிருந்தவர். பில்ஃபிரித்தின் பொன்னுறை மறைந்து நெடுங்காலமாயிற்று. இன்றுள்ள மணிக்கட்டு 19ஆம் நூற்றாண்டில் டர்ஹம் ஆயர் ஒருவர் செலவில் செய்யப்பட்டது.

இக்குறிப்பைப் பலர் ஆவணமாகவே கொண்டனர். லாரன்ஸ் நீஸ் 2003இல் இதனை ஐயுற்றார். எட்ஃபிரித் முதலியோரைக் கூறுமுன் ஆல்ட்ரெட் நற்செய்தியாளரைக் கூறுகின்றார்: மத்தேயு கிறித்துவின் வாயிலிருந்தும், மாற்கு பேதுருவின் வாயிலிருந்தும், லூக்கா பவுலின் வாயிலிருந்தும் கேட்டெழுதினர், யோவானோ இறையருளால் உள்ளிருந்து பொங்க எழுதினார் என்று. நற்செய்தியாளர் நால்வர்; சுவடி செய்தோரும் நால்வர். நான்காமவர் யோவான், இங்கும் நான்காமவர் ஆல்ட்ரெட். இவ்வளவு ஒழுங்காக அமைந்த பட்டியல் நினைவால் வந்ததா, நெஞ்சு விரும்பிய வடிவில் வந்ததா என்பது நீஸ் எழுப்பிய வினாவின் சாரம்.

ஐயம் நியாயமானதே. ஆயினும் நான்கு என்னும் எண்ணுக்காகப் பெயர்களைப் புனைந்திருப்பார் என்று கருத இடமில்லை. மடத்தார் சுவடியோடு தொன்றுதொட்டுக் காத்து வந்த செய்தியை அவர் எழுதியிருக்கலாம்; மேலுறையில் எழுத்துப் பொறிப்பு இருந்து அதனைக் கண்டிருக்கவும் கூடும். புனைந்தது பெயர்களை அன்று, தமது இடத்தை என்பதே நமக்குப் படுகின்றது. எழுதியவர், கட்டியவர், அணிசெய்தவர் ஆகிய மூவரும் ஒரே தலைமுறைச் சூழலைச் சேர்ந்தவர்கள். நான்காமவர் மட்டும் இரு நூற்றாண்டுக்கு மேற்பட்ட இடைவெளி கடந்து வருகின்றார். அவ்விடைவெளியைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. உரைப்படுத்துதலும் நூலாக்கத்தின் ஒரு பகுதி, தாய்மொழி வந்து சேரும்வரை நூல் நிறைவு பெறவில்லை என்னும் கொள்கை அம்மௌனத்தில் அடங்கியுள்ளது. மொழிபெயர்ப்பாளன் நூலின் விருந்தினன் என்றே பழகிய நமக்கு இது துணிவாகத் தோன்றும்.

தகுதியற்றவர் என்னும் அடைமொழியைக் கண்டு ஏமாறுதல் கூடாது. அது குறிப்பெழுதுவோர் யாவர்க்கும் உரிய வாய்பாடு. அதே குறிப்பின் ஓரத்தில், தாம் ஆல்ஃபிரெட் என்பவரின் மைந்தர், நல்லாள் ஒருத்தியின் சிறந்த மகன் என்று இலத்தீனில் பாடல் நடையில் கூறிக்கொள்கின்றார். நல்லாள் என்பதற்கு மேல் 'தில்வின்' என ஆங்கிலமும் எழுதுகின்றார். தம் தாயைக் குறித்த சொல்லுக்கும் உரை எழுதாமல் அவரால் இருக்க முடியவில்லை.

இக்குறிப்பின் இறுதிப் பகுதி மேலும் வியப்பானது. மத்தேயு உரையைக் கடவுளுக்கும் கத்பர்ட்டுக்கும், மாற்கு உரையை ஆயருக்கும், லூக்கா உரையைத் துறவியர் குழுவுக்கும், யோவான் உரையைத் தமக்கும், அதாவது தம் ஆன்மாவுக்கும் உரிமையாக்குகின்றார். லூக்காவோடு எட்டு ஓரா வெள்ளியும், யோவானோடு நான்கு ஓரா வெள்ளியும் சேர்கின்றன. முதல் மூன்று பகுதிகளால் தமக்கு 'வீடு அமைத்துக்கொண்டதாக' ஓர் அரிய வினைச்சொல்லால் கூறுகின்றார். துறவியர் குழுவில் சேர்க்கப்பட்டதை அது குறிக்கும் என்பர். அங்ஙனமாயின் உரை அவர் செலுத்திய நுழைவுக் காணிக்கை ஆகின்றது. மொழிபெயர்ப்பு, வெள்ளியோடு சேர்த்து எண்ணத்தக்க பொருளாக மதிக்கப்பட்டது எனலாம்.

ஓரா என்பது ஆங்கிலச் சொல்லன்று. வட கடலோடிகள் கொண்டுவந்த நாணய அளவு அது. எவர் வாளுக்கு அஞ்சித் துறவியர் தீவை விட்டு நீங்கினரோ அவர்தம் எடைக்கணக்கு, நான்கு தலைமுறைக்குள் அத்துறவியர் குழுவின் கணக்காகிவிட்டது. உரையிலும் அவர்கள் மொழியிலிருந்து வந்த சொற்கள் உண்டு. அடிமையைக் குறிக்கும் 'த்ரேல்' அவற்றுள் ஒன்று. யாவர்க்கும் ஊழியனாய் இருத்தல் வேண்டும் என்னும் போதனையில் அச்சொல் வந்து அமர்ந்திருக்கின்றது.

பின்னவர்

ஆல்ட்ரெடின் உரை அவர் வாழ்ந்த நூற்றாண்டிலேயே மற்றொரு சுவடியில் எதிரொலித்தது. அயர்லாந்தின் பிர் மடத்தலைவரும் 822இல் மறைந்தவருமான மக்ரெகோல் எழுதிய நற்செய்திச் சுவடி இன்று ஆக்ஸ்ஃபோர்டு போட்லியன் நூலகத்தில் உள்ளது. அதற்கு ஃபார்மன், ஓவுன் என்னும் இருவர் ஆங்கில வரியிடை உரை எழுதினர். மத்தேயு முழுவதையும் மாற்குவின் தொடக்கத்தையும் மெர்சிய வழக்கில் எழுதியவர் ஃபார்மன். ஏறத்தாழ எஞ்சிய அனைத்தையும் எழுதியவர் ஓவுன். ஓவுனின் சொற்கள் ஆல்ட்ரெடின் சொற்களைப் பெரிதும் அடியொற்றுகின்றன. எனினும் ஆல்ட்ரெட் இரண்டும் மூன்றுமாக அடுக்கிய இடங்களில் அவ்வடுக்கு முழுவதையும் அவர் எப்போதும் ஏற்பதில்லை. முன்னவரின் தயக்கம் பின்னவர் கையில் முடிவாக மாறும் இடங்களை ஸ்கீடின் பதிப்பில் அடுத்தடுத்த பத்திகளில் வைத்தே காணலாம். மொழிபெயர்ப்பு வரலாற்றை ஆராய்வோர்க்கு இவ்வொப்பீடு மிகுந்த பயன் தரும்.

ஆல்ட்ரெடின் கையெழுத்து இன்னொரு நூலிலும் கிடைக்கின்றது. டர்ஹம் பேராலய நூலகத்தில் உள்ள வழிபாட்டுச் சுவடிக்கும் அவரே ஆங்கில உரை எழுதினார். அதில் அவர் சேர்த்த ஒரு குறிப்பின்படி, 970இல், அவர் தம் ஆயர் எல்ஃப்சியேயுடன் தெற்கே வெசெக்ஸ் நாட்டில் இருந்தார். அப்போது அவர் மடத்தின் துணைத்தலைவர். லாரன்சு புனிதரின் திருநாளாகிய புதன்கிழமை, காலை வழிபாட்டுக்கு முன், பிறை ஐந்து நாளாகியிருந்தபோது, ஆயரின் கூடாரத்தில் அமர்ந்து நான்கு வேண்டுதல்களை அச்சுவடியில் எழுதினார். அவற்றை யாருக்காக எழுதினார், எங்கு எழுதினார், எந்த நாழிகையில் எழுதினார் என்பதையெல்லாம் மறவாது குறித்தார். நற்செய்திச் சுவடிக்கு உரை எழுதிய ஆண்டை மட்டும் அவர் எங்கும் சொல்லவில்லை.